பின்வரிசையில் செட்ரிக் ஹாலம்

தொலைக்காட்சிப் படப்பிடிப்பில் மதுக்கடைக் காட்சி என்றால் நடிகர் செட்ரிக் ஹாலம் எப்போதும் கிழவர் எர்னியின் பக்கத்தில் போய் நின்றுகொள்வார். வசனம் பேசுகிறவர்களுக்குப் பின்னால் கோப்பையைப் பிடித்துக்கொண்டு சும்மா நிற்கிற கூட்டத்தில் எர்னி ஒருவர். அவர் வாய் திறக்க வேண்டியதில்லை. முன்னால் இருப்பவர் வாழ்த்துச் சொன்னதும் மற்றவர்களோடு சேர்ந்து கோப்பையை உயர்த்தினால் வேலை முடிந்தது. ஆனால் எர்னிக்குக் காது போய்விட்டிருந்தது. வெளியே தெரிந்தால் மறுநாளே வேண்டாம் என்று அனுப்பிவிடுவார்கள். வாழ்த்துச் சொல்லும் நேரம் வரும்போது செட்ரிக் தம் இடது காலால் எர்னியின் வலது காலை மெல்ல மிதிப்பார். எர்னியின் கோப்பை சரியாக மேலே போகும். காமிராவில் இருவரும் இடுப்புக்கு மேலேதான் தெரிவார்கள்.

உடைப் பிரிவில் இருந்த ஃப்ரீடாவுக்கு மட்டும் விஷயம் தெரிந்தது. எர்னியின் வலது பூட்ஸ் மூக்கில் வாரா வாரம் அதே இடத்தில் பாலிஷ் போயிருந்தது.

"எர்னி பூட்ஸ் மேல உங்களுக்கு என்ன கோபம், மிஸ்டர் ஹாலம்?" என்று ஒருநாள் கேட்டுப் பார்த்தாள்.

"எனக்குக் கால் நீளம் கண்ணு. அது போற இடம் எனக்கே தெரியாது," என்றார்.

அவள் துணியை எடுத்து அந்த இடத்தைத் தேய்த்துப் பளபளப்பாக்கி வைத்தாள்.

ஃப்ரீடாவின் வேலை, நடிகர்களுக்கு உடை மாட்டிவிடுவது, கழற்றி வாங்கித் தொங்கவிடுவது, கிழிந்ததைத் தைப்பது. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் ஜெபக்கூடத்துக்குப் போகிறவள். பொய் சொல்ல மாட்டாள். அது கர்வத்தினால் இல்லை. சொன்னால் கழுத்து சிவந்துவிடும், எல்லாருக்கும் தெரிந்துவிடும். பொழுது விடிந்தால் வேறு ஆளாக மாறுகிறவர்கள் நடுவில் பொய் வராத ஒருத்தி எப்படிக் காலம் தள்ளினாள் என்றால், கர்த்தருடைய கிருபை என்றுதான் சொல்ல வேண்டும்.

செட்ரிக் உடை மாற்ற வரும்போது முதலில் பூட்சைத்தான் கேட்பார். கோட்டு, தொப்பி, ஒட்டு மீசை எல்லாம் அப்புறம். "காலுக்கு என்னன்னு சொல்லு. மூஞ்சியை நான் பார்த்துக்கறேன்," என்பார். போலீஸ்காரருடைய பூட்ஸ் போட்டதும் அவர் கழுத்து தடித்துவிடும். பாதிரியாருடைய மெல்லிய பூட்ஸ் போட்டால் முழங்கால்கள் ஒன்றிடம் ஒன்று மன்னிப்புக் கேட்பதுபோல நெருங்கிக்கொள்ளும். ஃப்ரீடா மண்டியிட்டுக் கயிறு கட்டிவிட்டு நிமிர்வதற்குள் அங்கே செட்ரிக் இருக்க மாட்டார், வேறு ஆள் நிற்பார்.

அவருடைய தகப்பனார் வட இங்கிலாந்தில் ஹாலிஃபாக்ஸ் என்ற ஊரில் மருந்துக்கடை வைத்திருந்தார். மகனும் கடையில் நிற்பான் என்று நினைத்தார். மகன் ஊர் ஊராகப் போகும் நாடகக் குழுவோடு கிளம்பிவிட்டான். ஈர மெத்தை, ஆறிப்போன பீன்ஸ், வாரம் ஒரு நாடகம் என்று பத்துப் பன்னிரண்டு வருஷம். பிறகு தொலைக்காட்சி வந்தது. அங்கே கதாநாயகர்களுக்குப் பஞ்சம் இல்லை. ஆனால் கதவைத் தட்டி, "கொஞ்சம் ஸ்டேஷன் வரைக்கும் வர முடியுங்களா, ஐயா?" என்று கேட்பதற்கு ஒரு ஆள் வேண்டியிருந்தது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "எங்களால முடிஞ்சதைச் செஞ்சோம்," என்று சொல்ல ஒரு வைத்தியர் வேண்டியிருந்தார். தட்டைக் கொண்டு வைக்கும் வேலையாள், டிக்கெட் பரிசோதகர், சாட்சி சொல்ல வந்து திணறும் தோட்டக்காரர், கம்பளத்தின் மேல் முகம் குப்புறக் கிடக்கும் பிணம். எல்லாவற்றுக்கும் செட்ரிக்கைக் கூப்பிட்டார்கள். தாமதமாக வர மாட்டார், வசனம் மறக்க மாட்டார், யாருக்கும் முன்னால் வந்து நிற்க மாட்டார்.

இதனால் வெளியே ஒரு சங்கடம். நாடு முழுக்க அவர் முகம் தெரியும். பெயர் தெரியாது. ஒருநாள் பஸ்சில் ஒரு பெண்மணி அவரை உற்றுப் பார்த்துக்கொண்டே வந்து, கடைசியில், "நீங்கதானே எங்க வீட்டு காஸ் அடுப்பைச் சரி பண்ண வந்தது?" என்றாள்.

"இப்ப ஒழுங்கா எரியுதா?" என்று கேட்டார் செட்ரிக்.

"நீலமா எரியுது."

"அப்ப சரி. அந்தக் குழாய்ப் பக்கம் துணி காயப்போடாதீங்கம்மா."

அந்தப் பெண்மணி இறங்கும்போது கையில் இருந்த பையிலிருந்து இரண்டு கேக் எடுத்துக் கொடுத்துவிட்டுப் போனாள். பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஃப்ரீடாவுக்குக் கழுத்து சிவந்துவிட்டது.

"இது பொய் இல்லையா மிஸ்டர் ஹாலம்?"

"நான் எங்க பொய் சொன்னேன்? அடுப்பு எரியுதான்னு கேட்டேன். துணியைத் தள்ளிப் போடச் சொன்னேன். ரெண்டும் நல்ல விஷயம்." கேக்கில் ஒன்றை அவளிடம் நீட்டினார். "அந்தம்மாகிட்ட நான் நடிகன்னு சொன்னா, யாரு, என்ன பேருன்னு கேப்பாங்க. சொன்னாலும் தெரியாது. பாவம், அவங்களுக்கு வெக்கமாப் போயிடும்."

வயது ஏற ஏற இந்தச் சில்லறை வேஷங்களும் குறைந்தன. அப்போதுதான் 'டானர்ஸ் ரோ' என்ற தொடரில் அவருக்கு நிரந்தரமாக ஓர் இடம் கிடைத்தது. வாரம் இரண்டு முறை வருகிற, ஒரு தெருவின் கதை. அதில் இரும்புச் சாமான் கடை வைத்திருக்கும் பிக்லி என்பவர் அவர். நான்கு வாரத்துக்கு ஒருமுறை யாராவது கடைக்கு வந்து ஆணி கேட்பார்கள். பிக்லி, "எந்த அளவு?" என்பார். தெருவில் நடக்கும் கல்யாணத்துக்கும் சண்டைக்கும் பின்வரிசையில் நிற்பார். ஏழு வருஷம் பிக்லியின் பழுப்பு மேலங்கியைப் போட்டார். தொழிலில் முதல்முறையாக வேலை நிச்சயம் என்றானதும், வீட்டில் அவருடைய மனைவி வின்னி அடுத்த வருஷத்துக்கு ஒரு நாள்காட்டி வாங்கி மாட்டினாள். வின்னிக்கு இடுப்பெலும்பு தேய்ந்து, மாடிப்படி ஏற முடியாது. மாதா மாதம் வருகிற வேலை என்பது அந்த வீட்டில் சாதாரண விஷயம் இல்லை.

அந்தத் தொடரில் நடிக்கிற எல்லாருக்கும் ஒரு வழக்கம் உண்டு. வசனப் பிரதி கைக்கு வந்ததும் கடைசிப் பக்கத்தைத்தான் முதலில் திருப்புவார்கள். தாம் உயிரோடு இருக்கிறோமா என்று பார்த்துக்கொண்ட பிறகுதான் முதல் பக்கம். யாரைச் சாகடிக்கப் போகிறார்கள் என்பதை மேலே இருப்பவர்கள் முன்கூட்டிச் சொல்வது கிடையாது. ஆனால் நடிகருக்குத் தெரிவதற்கு முன்னால் ஓர் இடத்தில் தெரிந்துவிடும். உடைப் பிரிவில். தெருவுக்கே துக்க உடை தைக்க வேண்டும் அல்லவா.

இலையுதிர் காலத்தில் ஒருநாள் காலை, உடைப் பிரிவுத் தலைவி மிஸஸ் ஹார்க்கர் ஃப்ரீடாவைக் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினாள்.

"தெரு முழுக்கக் கறுப்பு வேணும் ஃப்ரீடா. வியாழக்கிழமை அளவு. ஆம்பளைங்களுக்குக் கோட்டு, பொம்பளைங்களுக்குத் தொப்பியும் சேர்த்து."

"எல்லாருக்குமா?"

"பிக்லிக்கு வேண்டாம்."

ஃப்ரீடா கையிலிருந்த குண்டூசிப் பெட்டியை மேசையில் வைத்தாள்.

"வாயைத் திறக்கக் கூடாது," என்றாள் மிஸஸ் ஹார்க்கர். "போன தடவை இங்கேருந்து சேதி வெளியே போய், ஒரு பொண்ணு வேலையே போச்சு. உனக்குத் தெரியும்."

தெரியும். இரண்டு இரவுகள் ஃப்ரீடா கட்டிலருகே முழங்கால் போட்டு, வியாழக்கிழமை அன்று செட்ரிக்குக் காய்ச்சல் வரட்டும், பெரிதாக வேண்டாம், ஒருநாள் காய்ச்சல் போதும் என்று கேட்டுக்கொண்டாள். கேட்டபிறகு, ஒரு நல்ல மனிதருக்கு நோய் கேட்டதற்காக மன்னிப்பும் கேட்டாள்.

வியாழக்கிழமை செட்ரிக் முழு ஆரோக்கியமாக வந்து சேர்ந்தார். உள்ளே மீன் கடைக்காரியாக நடிப்பவள் கறுப்புத் தொப்பியைப் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தாள். மதுக்கடைக்காரர், தபால்காரர், சண்டைக்கார மாமியார் எல்லாரும் கறுப்பில் நின்று ஒருவரையொருவர் சந்தேகமாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். செட்ரிக் பிக்லியின் பழுப்பு மேலங்கியில் வாசலில் நின்றார்.

"என்ன கண்ணு, தெருவே காக்காக் கூட்டமா மாறிடுச்சு. யாரு போறது?"

தெரியாது என்று சொன்னால் பொய். தெரியும் என்று சொன்னால் வேலை போகும். ஃப்ரீடா கழுத்தில் கிடந்த இன்ச் டேப்பை இழுத்தாள்.

"கையைத் தூக்குங்க மிஸ்டர் ஹாலம்."

அவர் கையைத் தூக்கினார். மார்பைச் சுற்றி அளந்தாள். தோளை அளந்தாள். கை நீளத்தை அளந்தாள். எதையும் எழுதிக்கொள்ளவில்லை. மறுபடி கை நீளத்தை அளந்தாள்.

"மூணாவது தரம் அளந்தாலும் வளராது," என்றார் அவர்.

அவள் தலை நிமிரவில்லை. எதிரே கண்ணாடியில் அவர் அவளுடைய கழுத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். மற்றவர்கள் ஒவ்வொருவராக வெளியே போனார்கள். அதன் பிறகுதான் குரலைத் தாழ்த்திப் பேசினார்.

"வர்ற வழியில எண்ணிப் பார்த்தேன். தெருவுல இன்னும் கறுப்பு மாட்டாதது ரெண்டே பேர். ஒண்ணு நான். இன்னொண்ணு பால்காரனோட நாய். நாய்க்கு ரசிகர்கள் அதிகம்."

ஃப்ரீடாவின் கண்ணில் நீர் கோத்துக்கொண்டது.

"அட, அழாதே. நீ ஒண்ணும் சொல்லல, நான் ஒண்ணும் கேக்கல. அளவெடுத்தே, அவ்வளவுதான்." மேலங்கிப் பட்டனைப் போட்டுக்கொண்டே, "தைக்கிற கோட்டுக்குப் பட்டன் மட்டும் எலும்புல போடு. பிளாஸ்டிக் வேண்டாம்," என்றார். படியேறி மேல்மாடிக்குப் போனார்.

தயாரிப்பாளர் டென்பியின் அறை மேல்மாடியில் இருந்தது. வயது முப்பதுகூட ஆகாத ஆள். செட்ரிக் திரும்பி வந்தபோது உணவுக்கூடத்தில் கூட்டம் கலைந்துவிட்டிருந்தது. ஃப்ரீடா அவருக்காக ஒரு கோப்பைத் தேநீரைச் சாசரால் மூடி வைத்திருந்தாள்.

"நல்ல பிள்ளை," என்றார் உட்கார்ந்து. "எழுந்து வந்து நாற்காலி போட்டான். அப்பவே முடிஞ்சுதுன்னு தெரிஞ்சுது."

"என்ன சொன்னார்?"

"பிக்லி கடலோரம் அக்கா வீட்டுக்குப் போறானாம். அங்கேயே மாரடைப்பாம். மதுக்கடைக்கு போன் வரும். கடைக்காரம்மா காதுல வச்சுக் கேட்டுட்டு, 'ஐயோ, பாவம் பிக்லி'ம்பா. அப்புறம் எல்லாருமா அடக்கம் பண்ணுவாங்க. நான் வரவே வேண்டாமாம்."

"உங்களுக்கு ஒரு காட்சிகூடவா இல்ல?"

"கேட்டேன் கண்ணு. வெக்கத்தை விட்டுக் கேட்டேன். கடை மூடற நேரம், கதவைச் சாத்திட்டு, கல்லாப் பக்கம் அப்படியே உக்காந்துடறேன், வசனமே வேண்டாம், ஒரு நிமிஷம் குடுங்கன்னு. நேரம் இல்லையாம். அவனுக்கு அக்காவே கிடையாதே, ஏழு வருஷமா ஒத்தைப் பிள்ளைன்னுதானே நான் நடிச்சேன்னு சொன்னேன். 'இப்ப இருக்காங்க செட்ரிக்'ன்னுட்டான்."

இதைச் சொல்லிச் சிரித்தார். சிரிப்பு நல்ல சிரிப்பாகத்தான் இருந்தது. ஆனால் தேநீரில் சர்க்கரை போட்டுக் கலக்கியவர் குடிக்காமல் கலக்கிக்கொண்டே இருந்தார். மற்றவர்களுடைய கதைகளுக்காக எத்தனையோ கம்பளத்தில் செத்துக் கிடந்தவர். தமக்கென்று கிடைத்த ஒரே ஆளான பிக்லிக்கு ஒரு சாவுக் காட்சி கேட்டார். அது போனில் வந்து போகப்போகிறது.

"வின்னிகிட்ட என்ன சொல்லப் போறீங்க?"

"பிக்லி போயிட்டான்னு சொல்லணும். அவளுக்கு அவனை ரொம்பப் பிடிக்கும். என்னைவிடச் சுத்தமானவன்ம்பா."

அன்று மாலை ஃப்ரீடா வீட்டுக்குப் போகவில்லை. அளவெடுத்துவிட்டுத் தைக்காமல் விட்டால், அளவெடுத்தது பொய்யாகிவிடும். தைத்துவிட்டால் பொய் இல்லை. அவளுடைய மனசாட்சிக்கு அப்படித்தான் கணக்குப் பட்டது. சரக்கு அறையில் யாரும் தொடாமல் கிடந்த பழைய கறுப்புக் கோட்டு ஒன்றைப் பிரித்து, செட்ரிக்கின் தோளுக்கும் கைக்கும் சரியாக வெட்டித் தைத்தாள். எலும்புப் பட்டன் வைத்தாள். தொடரில் அவருடைய கடைசி நாளன்று, பழுப்பு மேலங்கி தொங்குகிற கொக்கியில் அதை மாட்டி வைத்தாள். அவர் அதைப் பார்த்தார். கையை விட்டு உள்ளே தையலைத் தடவினார். மடித்துக் கையில் போட்டுக்கொண்டு போனார்.

அடக்கக் காட்சியை ஊருக்கு வெளியே ஒரு நிஜக் கல்லறைத் தோட்டத்தில் எடுத்தார்கள். தூறல். பாதிரியார் வேஷத்துக்கு ராச்டேல் ஊரிலிருந்து ஜெரால்ட் என்றொரு நடிகர் வந்திருந்தார். ஃப்ரீடா அவர் கழுத்தில் வெள்ளைப் பட்டையைக் குத்திவிட்டபோது, மத்தியானச் சாப்பாட்டுக்குப் பன்றி இறைச்சிப் பணியாரம் உண்டா, போன வாரம் போல முட்டை ரொட்டிதானா என்று விசாரித்தார். துணைநடிகர்களின் பஸ் வந்து நின்றது. ஆட்கள் இறங்கினார்கள். ஃப்ரீடா குடையைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொருவராகக் காலரைச் சரிசெய்துகொண்டே வந்தாள். கடைசியில் இறங்கியவருடைய காலரில் கை வைத்ததும் அவளுக்குத் தன் தையல் தெரிந்தது.

பிக்லியின் மீசை இல்லை. தலைமுடியை நீர் தொட்டு வேறு பக்கமாக வாரியிருந்தார். காலில் யாரோ நெடுந்தூரம் நடந்து வந்தது போன்ற பூட்ஸ். முகம், ஊர் பழக்கம் இல்லாத ஒரு தூரத்து மனிதனுடைய முகம்.

"மிஸ்டர் ஹாலம்," என்றாள் உதட்டை அசைக்காமல். "கண்டுபிடிச்சா உங்களை இனிமே எங்கேயும் கூப்பிட மாட்டாங்க."

"கண்டுபிடிக்கிறதுக்கு முதல்ல பார்க்கணுமே," என்றார் அவர். கூட்டத்தோடு நடந்துபோய்க் கடைசி வரிசையில் நின்றுகொண்டார்.

மிஸஸ் ஹார்க்கர் குடையோடு வரிசையைப் பார்வையிட்டு வந்தாள். ஆட்களை அவள் பார்ப்பதில்லை, துணியைத்தான் பார்ப்பாள். கறுப்புக் கோட்டின் முன்னால் நின்றாள்.

"இது நாம தைச்ச வரிசையில இல்லையே. யார் தைச்சது?"

"நான்தான்," என்றாள் ஃப்ரீடா. கழுத்து சிவக்கவில்லை.

மிஸஸ் ஹார்க்கர் அப்போதுதான் கோட்டுக்கு மேலே இருந்த முகத்தைப் பார்த்தாள். பிறகு ஃப்ரீடாவிடம் திரும்பி, "உள்பக்கம் நூல் தொங்குது. வெட்டிவிடு," என்று சொல்லிவிட்டு அடுத்த ஆளிடம் போனாள்.

ஒளிப்பதிவு தொடங்கியது. ஏழு வருஷமாக அவரை இயக்கிய இயக்குநர் ஒலிபெருக்கியில், "பின்னால நிக்கிற உயரமானவரே, ஒரு அடி இடது பக்கம். அந்தம்மா முகத்தை மறைக்கிறீங்க," என்றார். உயரமானவர் ஒரு அடி நகர்ந்தார். ஜெரால்ட் மழைக்குப் பயந்து வாசகங்களைச் சுருக்கி வாசித்தார். பெட்டி இறங்கியது. எல்லாரும் கைக்குட்டையை எடுத்தார்கள். செட்ரிக் எடுக்கவில்லை. தொப்பியைக் கழற்றி மார்போடு வைத்துக்கொண்டு, குழியைப் பார்க்காமல், அந்தத் தெரு மக்களை ஒவ்வொருவராகப் பார்த்துக்கொண்டு நின்றார், இத்தனை பேர் வந்திருப்பார்கள் என்று நினைக்காதவர் போல. காமிரா வரிசையின் மேல் மெதுவாக ஊர்ந்து, அவரையும் தொட்டுக்கொண்டு போயிற்று.

மூன்று வாரம் கழித்து அது ஒளிபரப்பானது. டென்பிக்கு அவரை அடையாளம் தெரியவில்லை. பத்திரிகைக்காரர்களுக்குத் தெரியவில்லை. ஞாயிற்றுக்கிழமை ஜெபக்கூடத்து வாசலில், ஃப்ரீடாவுக்குப் பக்கத்து இருக்கைக்காரி ஆக்னஸ் மட்டும் பேச்செடுத்தாள்.

"டானர்ஸ் ரோ பார்த்தியா ஃப்ரீடா? எல்லாம் வெங்காயக் கண்ணீர். பின்னால ஒருத்தர் தொப்பியைப் பிடிச்சுக்கிட்டு நின்னாரே, அவர் ஒருத்தர்தான் மனசுல அடிபட்டு நின்னார். யாரு அவரு? பிக்லிக்குச் சொந்தமா?"

"ரொம்ப நெருக்கம்," என்றாள் ஃப்ரீடா.

"அப்படித்தான் நினைச்சேன். ஜாடை இருக்கு."

அதன் பிறகு செட்ரிக்கை நடிக்கக் கூப்பிடவில்லை. யாருக்கும் அவர்மேல் வருத்தம் இல்லை. நினைவு வரவில்லை, அவ்வளவுதான். வசந்தம் வந்ததும் அவரும் வின்னியும் வீட்டைக் காலி செய்துகொண்டு, வின்னி பிறந்த கடலோர ஊரில் படி இல்லாத ஒரு கீழ்வீட்டுக்குக் கிளம்பினார்கள். ஃப்ரீடா ரயிலடிக்கு வந்தாள். வழிக்கு நாக்கிறைச்சி ரொட்டி செய்து, மெழுகுத் தாளில் சுற்றிக் கொண்டு வந்திருந்தாள். வின்னியை இருவருமாகக் கைத்தாங்கலாக ஏற்றி, ஜன்னலோரம் உட்கார வைத்தார்கள். "இவர் அங்க போயாவது வேஷம் இல்லாம தானா இருக்காரான்னு பார்க்கறேன் ஃப்ரீடா," என்றாள் வின்னி.

கார்டு கொடியை எடுத்தார். செட்ரிக் கதவோரம் நின்றார். அன்றைக்குப் பிறகு அவரும் ஃப்ரீடாவும் சந்தித்துக்கொள்ளவில்லை.

"தினம் ஜெபத்துல உங்களைச் சொல்லிக்கறேன் மிஸ்டர் ஹாலம்," என்றாள் ஃப்ரீடா.

அவர் தொப்பியைக் கழற்றினார்.

"எனக்கு வேண்டாம் கண்ணு, எனக்கு வின்னி இருக்கா. முடிஞ்சா பிக்லிக்கு ஒரு தரம் சொல்லிடு. அன்னிக்குக் குழி ஓரம் ஜெபம் வாசிச்சது ராச்டேல் ஜெரால்ட்தானே. நிஜமா யாரும் அவனுக்கு இன்னும் ஒண்ணும் சொல்லல."